நான் போய்விட்டேனா, இருக்கிறேனா?

இது நடந்து இரண்டு வருடம் இருக்கும். அடையாறில் ஒரு மத்திய அரசு அலுவலகத்தில் நான் எழுத்தராக இருந்த சமயம். மழைக்காலத்தில் ஒரு திங்கட்கிழமை காலை, அரசு ஊழியர் வழக்குகளைப் பார்க்கும் தீர்ப்பாயத்தின் உத்தரவு நகலைப் பாலித்தீன் உறையில் போட்டுச் சட்டைக்குள் பத்திரப்படுத்திக்கொண்டு அலுவலகப் படியேறினேன். அன்று மாலைக்குள் எனக்கு ஒன்று தெரிந்தாக வேண்டும். நான் அந்த அலுவலகத்தை விட்டுப் போய்விட்டேனா, இல்லை இன்னும் அங்கேதான் இருக்கிறேனா? சிரிக்காதீர்கள். நேரில் வந்து நிற்கும் ஓர் ஆளைப் பற்றி இப்படி ஒரு சந்தேகம் எழும் என்று யாராவது சொல்லியிருந்தால் நானும் சிரித்துத்தான் இருப்பேன்.

முதலிலிருந்து சொல்லிவிடுகிறேன்.

எங்கள் வீடு ஈக்காட்டுத்தாங்கலில், ஒரு லேத் பட்டறைக்குப் பின்னால். அப்பா அங்குள்ள பட்டறைகளில் சுமை ஏற்றி இறக்குகிறவர். வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். எனக்குப் பிறகு என் தங்கை. அவளுக்குப் பிறவியிலேயே காது கேட்காது. மயிலாப்பூர் பக்கம் ஒரு சிறப்புப் பள்ளியில் அப்போது பிளஸ் டூ படித்துக்கொண்டிருந்தாள். பள்ளியில் சைகையில் நடத்திய பாடத்தை மாலையில் நான் மறுபடியும் சைகையில் நடத்துவேன். பட்டறை இரைச்சலில் எங்கள் தெருவில் எந்தப் பிள்ளையும் நிம்மதியாகப் படித்ததில்லை. அந்தச் சத்தம் தொந்தரவு செய்யாத ஒரே ஆள் என் தங்கைதான். ஆனால் பொருளியல் புத்தகத்தில் வரும் சில வார்த்தைகளுக்குச் சைகையே கிடையாது. நானும் அவளுமாகப் பேசி ஒவ்வொன்றாக உண்டாக்கி வைத்திருந்தோம். அந்தச் சைகைகள் உலகத்தில் இரண்டு பேருக்குத்தான் தெரியும். அதில் ஒருவனை, பரீட்சைக்குச் சில மாதங்கள் இருக்கும்போது, நாக்பூருக்கு மாற்றி உத்தரவு வந்தது.

பரீட்சை முடியும்வரை பொறுக்கச் சொல்லி மனு கொடுத்தேன். பரிசீலிக்க இயலாது என்று ஒரே வரியில் பதில் வந்தது. ஊழியரின் பிள்ளைகள் படிப்பென்றால் விதிகளில் கொஞ்சம் இடம் இருக்கிறது. தங்கை என்றால் இல்லை. அப்படித்தான் லஸ் பக்கத்தில் ஒரு பாத்திரக்கடை மாடியில் இருந்த வழக்கறிஞரிடம் போய் நின்றேன். என்னைவிடச் சில வயதே மூத்த பெண். படபடவென்று பேசுவார்.

"தம்பி, டிரான்ஸ்ஃபரை ரத்து பண்ணுங்கன்னு கேட்டா நிக்காது. யாரை எங்க போடணும்கிறது அவங்க உரிமை, அதுல தீர்ப்பாயம் லேசுல கை வைக்காது. நாம பரீட்சை வரைக்கும் டைம் கேப்போம். அதுக்கு ஒரு இடைக்கால உத்தரவு. அவ்வளவுதான் நம்ம ஆசை, சரியா?"

சரி என்றேன். விசாரணை வெள்ளிக்கிழமை என்று முடிவானது.

இதற்கிடையில் அலுவலகத்தில் எனக்குப் பிரிவு உபசார விழாவை வியாழக்கிழமை மாலைக்கு வைத்துவிட்டார்கள். கேஸ் போட்டிருக்கிறேன் சார், இப்போது எதற்கு என்று என் பிரிவின் சூப்பிரண்டிடம் தயங்கித் தயங்கிச் சொன்னேன். அவர் மயிலாப்பூர்க்காரர், நல்ல மனிதர், எதற்கும் பஞ்சாங்கம் பார்ப்பவர்.

"கேஸ் பாட்டுக்கு கேஸ். வடைக்குச் சொல்லியாச்சு, சால்வையும் வந்தாச்சு. பேசாம வந்து உக்காரு," என்று முடித்துவிட்டார்.

வந்து உட்கார்ந்தேன். எனக்குச் சால்வை போர்த்தினார்கள். சுவர்க் கடிகாரம் ஒன்று தந்தார்கள். எல்லோரும் என்னைப் பற்றி, அதுவரை ஒருநாளும் சொல்லாத நல்ல வார்த்தைகளைச் சொன்னார்கள். எங்கள் அலுவலகத்தில் ஒரு வழக்கம் உண்டு. போகிறவருக்கான பணிவிடுவிப்பு ஆணையை வெற்றிலை பாக்கோடு தட்டில் வைத்து அதிகாரி கையாலேயே கொடுப்பார்கள். அந்தத் தட்டு அன்றும் வந்தது. அதிகாரி எடுக்கக் கை நீட்டினார். சூப்பிரண்டு குறுக்கே வந்து தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"சார், இன்னிக்கு நவமி. சால்வை போடலாம், வடை சாப்பிடலாம். போறவன் கையில போற காகிதத்தைக் குடுக்கப்படாது. பாஷை தெரியாத ஊருக்குப் போறான் பையன். நாளைக்குக் காலம்பற குடுத்துக்கலாம்."

"தேதி இன்னிக்குப் போட்டுக் கையெழுத்தும் போட்டுட்டேனே," என்றார் அதிகாரி.

"தேதி கிடக்கட்டும் சார். கைக்குப் போறதுதான் கணக்கு."

நான் மெதுவாக, "நாளைக்கு வர மாட்டேன் சார், கேஸ் இருக்கு," என்றேன்.

"அப்போ ஒரு சி.எல். எழுதிக் குடுத்துட்டுப் போங்க," என்றார் அதிகாரி. அங்கேயே எழுதிக் கொடுத்தேன். ஒரு கையில் வடையோடு மறு கையால் என் தற்செயல் விடுப்பில் கையெழுத்துப் போட்டார். நானும் சால்வையை மடித்துக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டேன்.

வெள்ளிக்கிழமை விசாரணை கண் மூடித் திறப்பதற்குள் முடிந்துவிட்டது. அரசுத் தரப்பு பதில் சொல்ல அவகாசம் கேட்டது. அதுவரை என்ன என்பதற்கு இடைக்கால உத்தரவு. எனக்குக் கேட்டதெல்லாம் "தொடரலாம்" என்ற ஒரு சொல்தான். நகல் கிடைத்ததும் நேராக ஓடிப்போய் இனிப்பு வாங்கிக்கொண்டு வழக்கறிஞர் முன்னால் நின்றேன். அவர் டப்பாவைத் திறக்கவில்லை.

"முழு வரியையும் படிச்சீங்களா?"

படித்தேன். மனுதாரர் ஏற்கெனவே விடுவிக்கப்படாதிருந்தால், அடுத்த விசாரணை வரை அதே இடத்தில் தொடரலாம்.

"அந்த 'விடுவிக்கப்படாதிருந்தால்' இருக்கு பாருங்க, உங்க உத்தரவோட எல்லை அதுதான். நடக்கப்போறதைத்தான் இது நிறுத்தும். நடந்து முடிஞ்சதைத் திருப்பாது. நேத்து உங்களை ரிலீவ் பண்ணிட்டாங்கன்னா இந்தக் காகிதத்துக்கு மதிப்பில்ல. பண்ணாங்களா?"

சால்வை போட்டார்கள், காகிதம் கொடுக்கவில்லை, லீவு கொடுத்தார்கள் என்று நடந்ததைச் சொன்னேன். அவர் சிரித்துவிட்டார். பிறகு, சிரித்ததற்கு மன்னிப்புக் கேட்டார்.

அந்தச் சனி, ஞாயிறு இரண்டு நாளும் எனக்கு வேறு வேலையில்லை. ஓர் ஆள் ஓர் அலுவலகத்திலிருந்து எந்த நொடியில் போகிறார் என்று கண்ணில் பட்டவர்களிடமெல்லாம் கேட்டேன். பயம் ஒரு பக்கம் இருந்தாலும், எனக்கே அது வேடிக்கையான கேள்வியாகத் தோன்ற ஆரம்பித்துவிட்டது. ஆணையில் கையெழுத்துப் போடும்போதா? அது என் கைக்கு வரும்போதா? என் இடத்தில் வேறொருவர் உட்காரும்போதா? அம்மாவுக்குக் குழப்பமே இல்லை. "மரியாதை பண்ணி அனுப்பிட்டாங்க இல்ல? அப்ப போயாச்சு. மறுபடி போய் நின்னா என்னா நினைப்பாங்க?" என்றார். அப்பா, கூலி முடிந்த பிறகுதான் லாரி கிளம்பும் என்று ஏதோ சொன்னார். தங்கை கேட்டது ஒன்றே ஒன்று: ஜெயித்தாயா? உள்ளங்கையை நிமிர்த்தி, நில் என்று காட்டினேன். யார் நிற்க வேண்டும் என்று கேட்டாள். எல்லோரும் என்றேன். எதுவரைக்கும் என்றாள். அடுத்து அழைக்கும்வரை. அவள் முகம் சுளித்து, அது ஜெயிப்பது இல்லையே என்று காட்டிவிட்டுப் புத்தகத்தைத் திறந்தாள். வழக்கறிஞர் ஒரு மணி நேரம் விளக்கியது அவளுக்கு அரை நிமிடத்தில் விளங்கிவிட்டது.

திங்கட்கிழமை படியேறியபோது முதலில் எதிர்ப்பட்டவர் எங்கள் கோப்பு எடுத்துத் தரும் ஊழியர். பட்டினப்பாக்கத்துக்காரர்.

"இன்னா நைனா, சால்வை போத்தி அனுப்புனப்புறமும் வந்துகினு கீற? உன் சீட்ல ஆள் கீதுப்பா."

இருந்தது. என் நாற்காலியில் ஐம்பது வயது மதிக்கத்தக்க ஓர் அம்மா, கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு, ரயில் களைப்போடு உட்கார்ந்திருந்தார். யாரென்று பார்த்ததுமே தெரிந்துவிட்டது. எனக்கு வந்த மாறுதல் ஆணையிலேயே என் பெயருக்கு அடுத்த வரி அவருடையது. நாக்பூரில் பல வருடம் இருந்துவிட்டு, என் இடத்துக்கு வருகிறார். அவர் இடத்துக்கு நான் போக வேண்டும்.

"நீங்கதானா அது?" என்றார் என்னைப் பார்த்து. "நாக்பூர்ல என் வீட்டைக் காலி பண்ணி வெச்சிருக்கேன், ஓனர் நல்லவர்னு உங்களுக்குச் சொல்லணும்னு நினைச்சிட்டே வந்தேன். இப்ப என்னன்னா நீங்க போகலைங்கறாங்க."

"தெரியல மேடம். போயிட்டேனான்னு கேக்கத்தான் வந்திருக்கேன்."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, பையிலிருந்து பிஸ்கட் பாக்கெட்டை எடுத்து நீட்டினார். வேளச்சேரியில் கணவரும் மகனும் இருக்கிறார்கள் என்றும், மகனுடைய காலேஜ் சேர்க்கைக்குக்கூடத் தன்னால் வர முடியவில்லை என்றும், இனிமேல் ராத்திரிச் சாப்பாடு மூன்று பேரும் ஒன்றாகத்தான் என்றும் சொல்லிக்கொண்டே போனார். நான் பிஸ்கட்டைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றேன். என்னுடைய உத்தரவில் நான் இருக்கிறேன், துறை இருக்கிறது. இந்த அம்மாவைப் பற்றி ஓர் எழுத்துக்கூட இல்லை. நான் இருந்தால் இவர் எங்கே உட்காருவார்?

அதிகாரி எங்கள் இருவரையும் சூப்பிரண்டையும் உள்ளே கூப்பிட்டார். நகலைப் படித்தார். கெட்டவர் இல்லை, பயந்தவர். ஒரு பணியிடத்துக்கு இரண்டு பேர் என்றால் தணிக்கையில் அவர் தலைதான் உருளும்.

"நீங்க வியாழக்கிழமையே ரிலீவ் ஆயாச்சு தம்பி. ஆணையில தேதி இருக்கு. விழா போட்டோ குரூப்ல இருக்கு."

"வெள்ளிக்கிழமை எனக்கு லீவு குடுத்தீங்களே சார்?"

"அது வேற."

அவர் அந்த அம்மா பக்கம் திரும்பினார். பணியில் சேர்ந்ததாக அவர் கொடுத்திருந்த தாளில், வியாழக்கிழமை காலியான இடத்தில் எனக்குப் பதிலாகப் பொறுப்பை ஏற்றுக்கொண்டேன் என்று ஒரு வரி சேர்த்து எழுதித் தரச் சொன்னார். "இடம் காலியா இருந்ததுன்னு ஆயிடும். உங்களுக்கும் பிரச்சினை இல்ல, எனக்கும் இல்ல."

ஒரே ஒரு வரிதான். அவர் எழுதிவிட்டால் என் உத்தரவு செத்த காகிதம். மறுநாளே நான் ரயில் ஏற வேண்டியதுதான். எழுதாவிட்டால், இங்கே உங்களுக்கு இடமே இல்லை என்று அவரைத் திரும்ப நாக்பூருக்கே அனுப்பிவிடலாம். அந்த அம்மா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"சார், வியாழக்கிழமை நான் ரயில்ல இருந்தேன். இவர்கிட்டேயிருந்து சாவி வாங்கல, ஃபைல் வாங்கல, இவர் மூஞ்சியையே இன்னிக்குத்தான் பாக்கறேன். வாங்காததை வாங்கினேன்னு எப்படி எழுதறது?"

"ஒரு ஃபார்மாலிட்டிதானேம்மா."

"ஃபார்மாலிட்டிதான் சார். நாளைக்கு தீர்ப்பாயம், யாரும்மா இதை எழுதினதுன்னு கேட்டா ஃபார்மாலிட்டியா வந்து நிக்கும்? நான்தானே நிக்கணும்? எனக்கு இன்னும் சர்வீஸ் இருக்கு. இன்னிக்குக் காலையில வந்து சேர்ந்தேன். அதை எழுதிக் குடுத்திருக்கேன். அதுக்கு மேல ஒரு எழுத்து எழுத மாட்டேன்."

அதிகாரி சூப்பிரண்டைப் பார்த்தார். அவர் தரையைப் பார்த்தார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு சொன்னார்:

"சார், அந்த ஆணை என் டிராயர்லயேதான் இருக்கு. நவமின்னு நான்தான் வாங்கி வெச்சேன். இந்தம்மாவே இவ்வளவு நேரா சொல்றச்சே, நான் வாயை மூடிண்டு இருந்தா நன்னாருக்காது."

அதிகாரி தலையில் கை வைத்துக்கொண்டார். "எல்லாரும் வெளிய இருங்க," என்றார். தலைமை அலுவலகத்தோடு நெடுநேரம் பேசினார். நானும் அந்த அம்மாவும் வராந்தாவில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். வெளியே மழை. யார் ஜெயிக்க வேண்டும் என்று வேண்டிக்கொள்வது என்றுகூட எனக்குத் தெரியவில்லை. மாலையில் முடிவு வந்தது. வழக்கின் இறுதி முடிவுக்கு உட்பட்டு நான் தொடரலாம். அந்த அம்மா மறு உத்தரவு வரும்வரை அதே பிரிவில் தற்காலிகமாக இருக்கலாம். அந்த மறு உத்தரவு எப்போது வரும், எங்கே அனுப்பும் என்று யாருக்கும் தெரியாது.

அதற்குப் பிறகுதான் இடைக்கால உத்தரவால் என்னென்ன முடியாது என்பது ஒவ்வொன்றாகத் தெரிய வந்தது. என்னை அனுப்பாதே என்று அதனால் சொல்ல முடிந்தது. இரண்டாவது நாற்காலி போட முடியவில்லை. என் கணினி நுழைவுச் சொல்லை வியாழக்கிழமையே முடக்கியிருந்தார்கள். அதைத் திறந்து கொடுக்கவும் முடியவில்லை. அந்த அம்மாவும் நானும் ஒரே மேசையின் இரு பக்கமும் உட்கார்ந்தோம். அவர் கணினியில் அடிப்பார், நான் கோப்பு பார்த்துச் சொல்வேன். அலுவலகத்தில் எனக்கு "இடைக்காலம்" என்றே பெயர் வைத்துவிட்டார்கள். "யோவ் இடைக்காலம், டீ வேணுமா?" என்று தூரத்திலிருந்து கத்துவார்கள். "எனக்கு மட்டும் என்ன, நிரந்தரமா?" என்று அந்த அம்மா பதிலுக்குக் கத்துவார். ஒவ்வொரு விசாரணைக்கும் முதல் நாள் நாங்கள் இருவருமே சரியாகச் சாப்பிட மாட்டோம்.

ஒருநாள் அவரிடம் கேட்டேவிட்டேன். "மேடம், அன்னிக்கு அந்த வரியை நீங்க எழுதியிருந்தா உங்க இடம் உறுதியாகியிருக்கும். எனக்காகவா எழுதல?"

"உங்க தங்கச்சி விஷயமே எனக்கு அப்புறம்தான் தெரியும்," என்றார் மோரைக் குடித்துக்கொண்டே. "பயந்து எழுதல. அவ்வளவுதான். பெரிசா நினைச்சுக்காதீங்க."

பயமா, நேர்மையா, என் முகத்தைப் பார்த்த இரக்கமா, எனக்கு இன்றுவரை தெரியாது. மூன்றும் ஒரே ஆளிடம் ஒரே நேரத்தில் இருக்கலாம் என்று இப்போது தோன்றுகிறது.

தங்கை பரீட்சை எழுதினாள். பொருளியல் தேர்வு முடிந்து வந்த அன்று, வாசலில் நின்றபடியே எங்கள் சைகைகளில் நான்கைந்தைக் காட்டி, எல்லாம் வந்தது என்றாள். அதற்குச் சில வாரம் கழித்து இறுதி விசாரணை. தீர்ப்பாயம் என் மனுவை ஏற்கவில்லை. மாறுதல் அரசுப் பணியின் ஒரு பகுதி. மனுதாரர் கேட்ட காலமும் கடந்துவிட்டது. இடைக்கால உத்தரவு இத்தோடு முடிகிறது. சட்டப்படி பார்த்தால் நான் தோற்றுத்தான் போனேன். வழக்கறிஞருக்கு அதில் ஆச்சரியமில்லை. "நமக்கு வேண்டியது பரீட்சை வரைக்கும். அது கிடைச்சுதா இல்லையா?" என்றார். அன்றுதான் நான் கொடுத்த இனிப்பை முதன்முறையாக எடுத்துக்கொண்டார்.

அந்த வாரமே என் சாவிகளையும் கோப்புகளையும் அந்த அம்மாவிடம் ஒப்படைத்தேன். ஒவ்வொரு சாவியையும் பூட்டில் போட்டுப் பார்த்துத்தான் கையெழுத்துப் போட்டார். நாக்பூரில் காய்கறி எங்கே வாங்குவது, எந்த மாதம் ஸ்வெட்டர் எடுப்பது என்றெல்லாம் சொல்லி அனுப்பினார். அவர் முன்பு இருந்த வீட்டில்தான் இப்போது நான் வாடகைக்கு இருக்கிறேன். ஓனர் உண்மையிலேயே நல்லவர்.

இங்கே எனக்குப் பணியாளர் பிரிவில் வேலை. மாதம் ஒருவராவது இடைக்கால உத்தரவு நகலோடு ஓடிவருகிறார்கள், அன்று என் முகத்தில் இருந்த அதே சந்தோஷத்தோடு. நான் முழு வரியையும் படிக்கச் சொல்கிறேன். அவர்கள் போன பிறகு, அந்த நகலை வைத்துக்கொண்டு, இதில் பெயர் வராத ஆள் யார், அவர் இப்போது எந்த ரயிலில் வந்துகொண்டிருப்பார் என்று யோசித்துப் பார்ப்பேன்.